எல்லோரும் எழுதும் ஏடு – 9: ஒரு நகரம், இரண்டு பெயர்

1788 பிப்ரவரி 22ஆம் தேதி, பால்டிக் கடலோரத் துறைமுக நகரம் ஒன்றில், ஒரு வணிகர் வீட்டில் ஆண் குழந்தை பிறந்தது. பின்னாளில் தத்துவஞானி ஆர்தர் ஷோபன்ஹவர் என்று உலகம் அறிந்த குழந்தை. அவர் எந்த ஊரில் பிறந்தார்?

பெற்றோரைக் கேட்டிருந்தால் டான்சிக் என்று சொல்லியிருப்பார்கள். வீட்டிலும் தெருவிலும் அவர்கள் பேசிய மொழி ஜெர்மன். ஆனால் அன்றைக்கு அந்த நகரம் போலந்து அரசரின் குடைக்கீழ் இருந்தது. இன்றைய தேசப்படத்தைப் பிரித்தால் போலந்து நாட்டுக்குள் க்தான்ஸ்க் என்று இருக்கும். குழந்தைக்கு ஐந்து வயதானபோது, 1793இல், பிரஷ்யா அந்த நகரத்தை எடுத்துக்கொண்டது. பிரஷ்ய ஆட்சியின்கீழ் வாழ விரும்பாத தந்தை குடும்பத்தோடு ஹாம்பர்க்குக்குக் கிளம்பிவிட்டார். ஜெர்மன் பேசும் வணிகர் ஒருவர், ஜெர்மன் பேசும் அரசு வருகிறது என்பதற்காக ஊரையே விட்டுப் போகிறார். இன்றைய நாடுகளின் எல்லைக்கோட்டை வைத்துக்கொண்டு அந்தக் குடும்பத்தின் மனசை அளக்க முடியாது.

'ஷோபன்ஹவர் இன்ன ஊரில் பிறந்தார்' என்று கலைக்களஞ்சியத்தில் ஒரு வாக்கியம் எழுத வேண்டும். அந்த 'இன்ன ஊர்' என்ற இடத்தில் எந்தப் பெயரைப் போடுவது? ஆங்கில விக்கிப்பீடியாவில் பல வருடங்கள் நடந்த, முகம் தெரியாத மனிதர்களை இரவெல்லாம் தூங்கவிடாத ஒரு சண்டை இந்த ஒற்றைச் சொல்லில்தான் தொடங்கியது.

2001 ஜனவரி 15ஆம் தேதி ஜிம்மி வேல்ஸும் லாரி சாங்கரும் விக்கிப்பீடியாவைத் திறந்துவைத்த கதையை முந்தைய வாரங்களில் பார்த்தோம். அதற்கு முன் அவர்கள் நடத்திய நுபீடியாவில் அறிஞர்கள் எழுதி, அறிஞர்கள் ஏழு கட்டமாகச் சரிபார்த்துத்தான் ஒரு கட்டுரை வெளிவரும். விக்கிப்பீடியாவில் அந்தப் படிகள் எல்லாம் போய்விட்டன. யாரும் எழுதலாம், யார் எழுதியதையும் யாரும் திருத்தலாம். நம் தமிழில் பெரியசாமித் தூரன் பதிப்பாசிரியராக இருந்து, 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாகக் கலைக்களஞ்சியம் வந்தது. அங்கே ஓர் ஊர்ப்பெயரில் ஐயம் வந்தால் கேட்பதற்குத் தூரன் இருந்தார். அவருடைய பேனா எதை எழுதியதோ அது அச்சாகும். விக்கிப்பீடியாவில் அந்த நாற்காலியில் யாருமே இல்லை.

க்தான்ஸ்க் நகரத்தின் வரலாற்றைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும். இல்லாவிட்டால் அந்தச் சண்டையின் சூடு நமக்குப் புரியாது.

1308இல் ஜெர்மானியரின் டியூட்டானிக் வீரர் சபை அந்த நகரத்தைக் கைப்பற்றியது. அப்போது கொல்லப்பட்டவர்கள் எத்தனை பேர் என்பதில் வரலாற்றாசிரியர்கள் இன்றும் ஒத்துப்போவதில்லை. ஒன்றரை நூற்றாண்டு கழித்து, 1454இல், நகரத்தார் அந்தச் சபைக்கு எதிராகக் கிளர்ந்தெழுந்து போலந்து அரசரின் பக்கம் சேர்ந்தார்கள். பதின்மூன்று வருடப் போருக்குப் பிறகு 1466இல் நகரம் முறைப்படி போலந்து மகுடத்தின்கீழ் வந்தது. அடுத்த 327 வருடங்கள் அப்படியே. ஆட்சி போலந்துக்காரருடையது, நகரத்தாரில் பெரும்பாலோரின் பேச்சு ஜெர்மன். வெப்பமானிக்குத் தன் பெயரைக் கொடுத்த ஃபாரன்ஹீட் 1686இல் பிறந்தது இந்தக் காலத்தில்தான். நிலவின் மேற்பரப்பை வரைந்த வானியலாளர் ஹெவீலியஸ் 1611இல் பிறந்ததும் இங்கேதான். 1793இல் பிரஷ்யா. முதல் உலகப்போருக்குப் பிறகு, 1920 முதல், சர்வதேச சங்கத்தின் பாதுகாப்பில் 'டான்சிக் சுதந்திர நகரம்'. 1939 செப்டம்பர் 1 விடியற்காலை, ஷ்லேஸ்விக்-ஹோல்ஸ்டைன் என்ற ஜெர்மானியப் போர்க்கப்பல் இந்த நகரத்துத் துறைமுகத்திலிருந்த வெஸ்டர்பிளாட்டே முனைமீது குண்டு வீசியது. இரண்டாம் உலகப்போர் அங்கேதான் தொடங்கியது. 1945இல் நகரம் இடிபாடாகப் போலந்துக்கு வந்தது. ஜெர்மன் பேசியவர்கள் வெளியேற்றப்பட்டார்கள். போலந்தின் கிழக்குப் பகுதிகள் சோவியத் யூனியனிடம் போய்விட்டதால் அங்கிருந்து பெயர்ந்து வந்தவர்களும் காலி வீடுகளில் குடியேறினார்கள். 1980இல் அதே நகரத்துக் கப்பல் கட்டும் தளத்தில் லேக் வலேன்சா வேலைநிறுத்தத்துக்குத் தலைமை தாங்கினார். 'சாலிடாரிட்டி' தொழிற்சங்கம் பிறந்தது.

போலந்துக்காரர் ஒருவருக்கு 'டான்சிக்' என்ற பெயர் ஆக்கிரமிப்பின் ஒலி. அந்த ஊரிலிருந்து துரத்தப்பட்ட குடும்பத்தின் பேரனான ஜெர்மானியருக்கு 'க்தான்ஸ்க்' என்பது பாட்டியின் வீட்டை அழித்துவிட்டு எழுதிய பெயர். இருவரும் தாத்தா பாட்டியிடம் கேட்ட கதையோடு வந்து ஒரே பக்கத்தின் முன் உட்கார்கிறார்கள். நடுவில் கதவில்லை, காவலில்லை. திருத்தும் பொத்தான் மட்டும் இருக்கிறது.

ஒருவர் டான்சிக் என்று மாற்றுவார். பத்து நிமிடத்தில் இன்னொருவர் க்தான்ஸ்க் என்று திருப்பி வைப்பார். மறுநாள் காலையில் மறுபடி டான்சிக். இப்படி மாற்றி மாற்றி எழுதுவதைத் தமிழ் விக்கிப்பீடியர்கள் 'தொகுத்தல் போர்' என்கிறார்கள். கட்டுரையின் 'வரலாறு' என்ற பகுதியில் ஒவ்வொரு மாற்றமும் தேதி, நேரத்தோடு பதிவாகியிருக்கும். சாதாரணப் பயனர் யாரும் அதை அழிக்க முடியாது என்பதே, என் பார்வையில், விக்கிப்பீடியாவின் மிகப்பெரிய நேர்மை. ஒரு நாளேடு நேற்றுச் சொன்னதை இன்று மாற்றிச் சொன்னால் நாம் பழைய தாளைத் தேடிப் போக வேண்டும். இங்கே பழைய தாள் எல்லாமே அந்தப் பக்கத்தின் அடியிலேயே அடுக்கியிருக்கிறது.

ஒவ்வொரு கட்டுரைக்கும் பின்னால் 'பேச்சு' என்று இன்னொரு பக்கம் உண்டு. வாசகர்களில் பெரும்பாலோர் அதைத் திறப்பதே இல்லை. இந்தத் தொடருக்காகச் சில இரவுகள் அந்த நகரத்தின் பேச்சுப் பக்கங்களைத் தொடர்ந்து படித்தேன். பழைய நிலப்படங்கள், ஆங்கில வரலாற்று நூல்கள், ஒப்பந்தங்கள், பிற கலைக்களஞ்சியங்கள் என்று ஆதாரங்களைக் கொண்டுவந்து கொட்டுகிறார்கள். கோபப்படுகிறார்கள். எதிராளியின் நாட்டைச் சொல்லிக் குத்துகிறார்கள். திடீரென்று ஒருவர், எதிர்த்தரப்பு காட்டிய ஆதாரத்தை ஒப்புக்கொள்கிறார். அந்த இடங்களில் நான் கொஞ்ச நேரம் நின்று போனேன். யாரும் சம்பளம் கொடுக்கவில்லை, கட்டுரையில் பெயர் வரப்போவதில்லை. ஆனாலும் 500 வருடத்துக்கு முந்தைய ஓர் உடன்படிக்கையில் என்ன எழுதியிருக்கிறது என்று தேடி எடுத்து, தனக்கு எதிராகவே அதை மேசையில் வைக்கிறார் ஒரு மனிதர்.

சண்டை ஓயவில்லை. 2005 பிப்ரவரி, மார்ச்சில் வாக்கெடுப்பு வைத்தார்கள். விக்கிப்பீடியாவில் வாக்கெடுப்பு என்பது அபூர்வம். எத்தனை கை உயர்ந்தது என்று பார்ப்பதில்லை, யார் சொன்ன காரணம் வலுவானது என்று பார்த்து இணக்கத்துக்கு வருவதுதான் அங்கே முறை. அந்த முறை தோற்றுப்போனதால்தான் வாக்குக்கு வந்தார்கள். ஆனால் வாக்குச் சீட்டை அவர்கள் வடிவமைத்த விதம் என்னை வியக்க வைத்தது. 'டான்சிக்கா, க்தான்ஸ்க்கா?' என்று ஒரே கேள்வியாகக் கேட்கவில்லை. நகரத்தின் வரலாற்றையே துண்டு துண்டாகப் பிரித்தார்கள். 1308க்கு முன் எந்தப் பெயர்? 1308 முதல் 1454 வரை? போர் நடந்த 1454 முதல் 1466 வரை? போலந்து மகுடத்தின்கீழ் இருந்த 1466 முதல் 1793 வரை? 1793 முதல் 1945 வரை? அதற்குப் பிறகு?

முடிவு இப்படி வந்தது. 1308 முதல் 1945 வரையான நிகழ்ச்சிகளைச் சொல்லும்போது டான்சிக். அதற்கு முன்னும் பின்னும் க்தான்ஸ்க். வாழ்க்கை வரலாறுகளுக்குத் தனி விதி: ஐயமின்றி ஜெர்மானியர் என்றால் முதலில் டான்சிக் என்று எழுதி அடைப்புக்குறிக்குள் க்தான்ஸ்க், ஐயமின்றிப் போலந்துக்காரர் என்றால் நேர்மாறாக. இரு நாட்டுக்கும் பொதுவான வரலாறுள்ள மற்ற ஊர்களுக்கும் முதல் முறை குறிப்பிடும்போது இரண்டு பெயரும் வர வேண்டும்.

இந்த ஏற்பாட்டில் யாருமே முழுசாக ஜெயிக்கவில்லை. போலந்து அரசர் ஆண்ட மூன்று நூற்றாண்டுக்கும் ஜெர்மன் பெயரா என்று போலந்துத் தரப்புக்கு வருத்தம். இன்றைய நகரத்தைச் சொல்லும் கட்டுரைத் தலைப்பு க்தான்ஸ்க் என்று நிலைத்ததில் மறுதரப்புக்கு வருத்தம். ஆனால் ஷோபன்ஹவர் கட்டுரையைப் படிக்கும் பள்ளிப்பிள்ளைக்கு இரண்டு பெயரும் தெரியவருகிறது. ஒரே நகரம் இரண்டு மொழிக்காரர்களின் தாய்வீடாக இருந்திருக்கிறது என்ற செய்தி அந்த ஓர் அடைப்புக்குறிக்குள் இருக்கிறது. சண்டை போடாமல் ஒருவர் மட்டும் உட்கார்ந்து எழுதியிருந்தால் அந்த அடைப்புக்குறி வந்தே இருக்காது.

'ஐயமின்றி' என்ற சொல்லும் எல்லா இடத்திலும் உதவவில்லை. கோபர்நிகஸ் 1473இல் பிறந்த ஊர், போலந்து மொழியில் தோருன், ஜெர்மனில் தோர்ன். 1466இல் போலந்து மகுடத்தின்கீழ் வந்த இன்னொரு நகரம் அது. அவர் அறிவியல் எழுதியது லத்தீனில், ஜெர்மனும் தெரியும், போலந்து அரசருக்குக் கட்டுப்பட்ட நிலத்தில் வாழ்ந்தார். போலந்தவரா ஜெர்மானியரா? அந்தக் கட்டுரையின் பேச்சுப் பக்கங்கள் மலைபோல் குவிந்துகிடக்கின்றன. கடைசியில் முதல் வாக்கியத்தில் எந்த நாட்டின் பெயரும் வேண்டாம், மறுமலர்ச்சிக் காலத்துப் பல்துறை அறிஞர் என்று மட்டும் இருக்கட்டும் என்று விட்டார்கள். நாட்டினம் பற்றிய வாதங்களைக் கட்டுரைக்குள் தனிப் பகுதியாக வைத்தார்கள். பதினைந்தாம் நூற்றாண்டு மனிதருக்கு இன்றைய கடவுச்சீட்டைக் கொடுக்காமல் விட்டது எனக்கு மிகச் சரியாகவே படுகிறது.

எல்லாச் சண்டையும் இப்படி வரலாற்றுப் புண்ணிலிருந்து வருவதில்லை. யோகர்ட் என்ற சொல்லுக்கு ஆங்கிலத்தில் நடுவே 'எச்' வேண்டுமா வேண்டாமா என்று 2003இல் தொடங்கிய வழக்கு 2011இல்தான் ஓய்ந்தது. 'எச்' போயிற்று. பிரிட்டிஷ் ஆங்கிலமா அமெரிக்க ஆங்கிலமா என்ற இழுபறிதான் அது. லண்டனைப் பற்றிய கட்டுரை என்றால் பிரிட்டிஷ் எழுத்து, சிகாகோ என்றால் அமெரிக்க எழுத்து என்று விதி இருக்கிறது. தயிர் எந்த நாட்டுக்குச் சொந்தம்? 2013இல் வெளிவந்த 'ஸ்டார் டிரெக் இன்டு டார்க்னஸ்' திரைப்படத்தின் தலைப்பில் 'இன்டு' என்பதன் முதலெழுத்து பெரிதா சிறிதா என்று 40 ஆயிரம் சொற்களுக்குமேல் விவாதித்தார்கள். அது ஒரு முழு நூலின் அளவு. வெளியிலிருந்து பார்க்கிறவர்கள் இதையெல்லாம் கேட்டுச் சிரிப்பார்கள். எனக்குச் சிரிக்கத் தோன்றவில்லை. ஓர் எழுத்துக்காக இத்தனை பேர் பொறுமையாக விதிப்புத்தகத்தைப் புரட்டுகிற இடத்தில், ஒரு படுகொலையின் எண்ணிக்கையை யாரும் சத்தமில்லாமல் மாற்றிவிட்டுப் போக முடியாது.

எதற்கெல்லாம் அதிகம் சண்டை என்று ஆய்வாளர்கள் அளந்தும் பார்த்திருக்கிறார்கள். தஹா யாசரி குழுவினர் 2013இல் பத்து மொழி விக்கிப்பீடியாக்களை எடுத்துக்கொண்டு, ஒருவர் எழுதியதை மற்றவர் திருப்பி அழித்த தடங்களைக் கணக்கிட்டார்கள். ஆங்கிலத்தில் முதலிடம் ஜார்ஜ் டபிள்யூ. புஷ்ஷுக்கு. ஸ்பானிய மொழியில் சிலி நாடு, பிரெஞ்சில் அரசியல்வாதி செகோலேன் ரோயால், ஜெர்மனில் குரோவேஷியா, ஹங்கேரிய மொழியில் 'ஜிப்சிக் குற்றம்' என்ற கட்டுரை. அந்தப் பட்டியலைப் படித்தால் ஒவ்வொரு மொழிச் சமூகத்துக்கும் எங்கே வலிக்கிறது என்று ஓரளவு தெரிந்துவிடுகிறது.

சண்டைக்கு வரம்பு கட்ட வேண்டும் என்பதை அவர்கள் சீக்கிரமே உணர்ந்தார்கள். 2004 நவம்பரில் 'மூன்று மீளமைப்பு விதி' வந்தது. ஒரே பக்கத்தில் 24 மணி நேரத்துக்குள் மூன்று முறைக்குமேல் அடுத்தவர் எழுதியதைத் திருப்பி வைத்தால், அவருடைய எழுதும் உரிமை கொஞ்ச காலம் நிறுத்தப்படும். நீங்கள் சொன்னது சரியா தப்பா என்பதே அங்கே கேள்வி இல்லை. மூன்று முறை திருப்பினீர்களா, போய்ப் பேச்சுப் பக்கத்தில் பேசுங்கள். அது கைகூடாவிட்டால், சம்பந்தமில்லாத மூன்றாவது ஆளின் கருத்தைக் கேட்கலாம். அதற்கும் அடங்காவிட்டால் எல்லோரையும் கூப்பிட்டு அபிப்பிராயம் கேட்கலாம். பக்கத்தைக் கொஞ்ச நாள் பூட்டியும் வைப்பார்கள்.

உச்சியில் நடுவர் குழு இருக்கிறது. 2003 இறுதியில் ஜிம்மி வேல்ஸ் அறிவித்தது. அதுவரை தகராறுகள் எல்லாம் அவரிடமே போய்க்கொண்டிருந்தன. இந்தக் குழுவைப் பற்றி ஒரு விஷயத்தை வாசகர்கள் கவனிக்க வேண்டும்: நடந்துகொண்ட முறையைத்தான் அது விசாரிக்கும். யார் வசைபாடினார், யார் கள்ளப் பெயரில் வந்தார், யார் விதியை மீறினார் என்று பார்க்கும். டான்சிக் சரியா, க்தான்ஸ்க் சரியா என்று ஒருநாளும் தீர்ப்புச் சொல்லாது. உண்மை எது என்று தீர்மானிக்கும் அதிகாரம் விக்கிப்பீடியாவில் எவருக்கும், எந்தக் குழுவுக்கும் தரப்படவில்லை. நம்பகமான நூல்கள் என்ன சொல்கின்றன, அவை மாறுபட்டால் எந்தெந்தத் தரப்பு என்ன சொல்கிறது, அதை நடுநிலையாக எழுது என்பதோடு விதி நின்றுவிடுகிறது. அதற்குமேல் மனிதர்கள் பேசித்தான் தீர வேண்டும். பல வருடங்களாக இந்த ஏற்பாட்டை ஒரு குறையாகவே நினைத்திருந்தேன். குரோவேஷியக் கதையைப் படித்த பிறகு என் எண்ணம் மாறியது.

குரோவேஷிய மொழி விக்கிப்பீடியா 2003இல் தொடங்கியது. யுகோஸ்லாவியா உடைந்த பிறகு செர்பியம், போஸ்னியம், குரோவேஷியம் என்று தனித்தனி விக்கிப்பீடியாக்கள் வந்தன. பழைய பெயரில் செர்போ-குரோவேஷியம் என்றும் ஒன்று இருக்கிறது. பேசினால் ஒருவருக்கொருவர் நன்றாகவே புரியும். ஆனால் எழுதும் இடம் பிரிந்துவிட்டதால், மறுத்துப் பேசக்கூடிய அண்டை வீட்டுக்காரர் அண்டை வீட்டிலேயே இருந்துவிட்டார்.

குரோவேஷியப் பக்கங்களில் ஒரு சிறு கூட்டம் நிருவாகிகளாக உட்கார்ந்தது. மறுத்துப் பேசியவர்களைத் தடை செய்தது. கள்ளக் கணக்குகள், அதாவது விக்கிப்பீடியர்கள் 'கைப்பாவை' என்று சொல்கிறவை, வாக்களித்து அவர்கள் பதவியைக் காப்பாற்றின. எதிர்ப்பவர்கள் சலித்துப்போய் விலகினார்கள். அங்கே சண்டை குறைந்தது. பக்கங்கள் அமைதியாயின. அந்த அமைதியில் யாசெனோவாட்ஸ் பற்றிய கட்டுரை மாறியது.

யாசெனோவாட்ஸ், இரண்டாம் உலகப்போரில் நாஜிகளின் கூட்டாளியான உஸ்தாஷா ஆட்சி நடத்திய வதைமுகாம். செர்பியர்கள், யூதர்கள், ரோமானி மக்கள், ஆட்சியை எதிர்த்த குரோவேஷியர்கள் அங்கே கொல்லப்பட்டார்கள். 77 ஆயிரம் முதல் 99 ஆயிரம் பேர் வரை என்பது அமெரிக்காவின் பேரழிப்பு நினைவு அருங்காட்சியகத்தின் மதிப்பீடு. அந்த இடத்தைக் குரோவேஷிய விக்கிப்பீடியா, ஆட்களைச் சேர்த்து வைத்த முகாம், வேலை முகாம் என்ற தொனியில் எழுதியது. 2013இல் விஷயம் நாளேடுகளுக்கு வந்தது. நாட்டின் கல்வி அமைச்சர் ஷெல்கோ யோவனோவிச், மாணவர்கள் தங்கள் மொழி விக்கிப்பீடியாவை நம்ப வேண்டாம் என்று வெளிப்படையாகவே சொன்னார். ஒரு நாட்டின் கல்வி அமைச்சர் தன் தாய்மொழிக் கலைக்களஞ்சியத்தைப் பற்றி அப்படிச் சொல்ல நேர்ந்தது எவ்வளவு பெரிய துயரம்! அதன் பிறகும் அந்தக் கூட்டத்தை அகற்ற ஏழு வருடங்கள் ஆயின. 2020இல்தான் முக்கியமான நிருவாகி விலக்கப்பட்டார். அடுத்த வருடம் விக்கிமீடியா அறக்கட்டளை வெளியிட்ட மதிப்பீட்டு அறிக்கை, ஏறத்தாழ பத்து வருடங்கள் அந்த விக்கிப்பீடியா ஒரு குழுவின் பிடியில் இருந்து வரலாற்றைத் திரித்தது என்று ஒப்புக்கொண்டது.

க்தான்ஸ்க் பக்கத்தில் போலந்துக்காரரையோ ஜெர்மானியரையோ ஒட்டுமொத்தமாக வெளியே தள்ளியிருந்தால் அங்கும் இதே அமைதி வந்திருக்கும்.

2019இல் 'நேச்சர் ஹியூமன் பிஹேவியர்' இதழில் வந்த ஓர் ஆய்வு இதையே வேறு வழியில் காட்டியது. அமெரிக்க அரசியலில் இடது, வலது என்று இரண்டு பக்கச் சாய்வுள்ளவர்களும் சேர்ந்து எழுதிய கட்டுரைகளை, ஒரே சாய்வுள்ளவர்கள் எழுதியவற்றோடும் மிதமானவர்கள் எழுதியவற்றோடும் ஒப்பிட்டார்கள். 2 லட்சத்துக்கும் மேற்பட்ட பக்கங்கள். எதிரெதிர்த் தரப்பினர் கலந்து எழுதியவையே தரத்தில் மேலாக இருந்தன. அரசியல் கட்டுரைகளில் மட்டுமல்ல, அறிவியல் கட்டுரைகளிலும் அப்படித்தான். அந்தக் கட்டுரைகளின் பேச்சுப் பக்கங்கள் நீளமானவை. வாக்குவாதம் அதிகம், விதிகளை எடுத்துக்காட்டுவதும் அதிகம்.

ஆனால் சண்டைக்கு நிற்கக்கூடியவர்கள் மட்டும்தான் கடைசியில் மிஞ்சுகிறார்கள் என்ற உண்மையையும் நான் சொல்லியாக வேண்டும். மாதத்துக்கு ஐந்து திருத்தமாவது செய்கிறவர்கள் ஆங்கில விக்கிப்பீடியாவில் 2007இல் 50 ஆயிரத்துக்குமேல் இருந்தார்கள். 2013இல் 30 ஆயிரம் சொச்சம். ஆரன் ஹாஃபேக்கர் குழு அந்தச் சரிவை ஆராய்ந்தபோது, நல்லெண்ணத்தோடு முதல் வரி எழுதிய புதியவர்களின் திருத்தங்கள் முன்பைவிட அதிகமாகத் தூக்கியெறியப்பட்டதும், அவர்கள் திரும்பி வராததும் தெரிந்தன. கலைக்களஞ்சியத்தைக் காப்பாற்ற வைத்த விதிகளும் தானியங்கிக் கருவிகளும் புதியவரின் முகத்தில் கதவாக மூடிக்கொண்டன. 2008இல் எடுத்த கணக்கெடுப்பில் எழுதுகிறவர்களில் பெண்கள் நூற்றுக்கு 13 பேர் அளவில்தான் இருந்தார்கள். பகலெல்லாம் வேலை பார்த்து, வீட்டையும் கவனித்துவிட்டு இரவு பத்து மணிக்கு ஆசையோடு ஒரு பத்தி எழுதுகிற பெண், விடிந்ததும் அது காணாமல் போயிருப்பதைப் பார்த்து, அதற்காக மூன்று நாள் வாதாட வேண்டும் என்றால், எத்தனை பேர் வாதாடுவார்கள்? விஷயம் தெரிந்தவர் விலகிப்போகிறார், நேரமும் தடித்த தோலும் உள்ளவர் நிற்கிறார். கருத்தோடு மோதுவதற்கும் ஆளை நோகடிப்பதற்கும் நடுவே கோடு போட 2021இல் எல்லா மொழிக்கும் பொதுவான நடத்தை நெறிகளைக் கொண்டுவந்தார்கள். இருபது வருடம் தாமதம் என்பது என் எண்ணம்.

தமிழுக்கு வருவோம்.

2003 செப்டம்பரில் தொடங்கிய தமிழ் விக்கிப்பீடியாவில், பொது விஷயங்களை எல்லோரும் கூடிப் பேசும் பக்கத்துக்கு 'ஆலமரத்தடி' என்று பெயர் வைத்தார்கள். இதைவிடப் பொருத்தமான பெயர் எந்த மொழி விக்கிப்பீடியாவிலும் இருக்குமா என்று தெரியவில்லை. அந்த மரத்தடியில் தமிழ்நாட்டுக்காரர், யாழ்ப்பாணத்துக்காரர், மட்டக்களப்புக்காரர், மலேசியா, சிங்கப்பூர், கனடாவிலிருந்து வருகிறவர் எல்லோரும் உட்கார வேண்டும். ஒருவர் டொராண்டோ என்பார், இன்னொருவர் ரொறன்ரோ என்பார். இருவருக்கும் தத்தம் பள்ளிக்கூடத்தில் படித்த எழுத்துமுறை அது. யாருடைய தமிழ் தமிழ் என்ற கேள்வி அந்த இடத்தில் தலை தூக்குகிறது. ஒரு வழக்கு தலைப்பாகவும் மற்றது வழிமாற்றாகவும் இருந்து, எந்தப் பெயரில் தேடினாலும் கட்டுரைக்கு வந்து சேரும்படி செய்வதுதான் பல இடங்களில் தீர்வு.

கிரந்த எழுத்துச் சண்டை இன்னும் கடினமானது. ஹிட்லரா இட்லரா, ஜெர்மனியா செருமனியா, ஸ்டாலினா இசுடாலினா? பிறமொழி ஒலிகளைத் தமிழ் எழுத்துக்கு அடக்கி எழுதுவதே மொழியின் இயல்பைக் காக்கும் என்கிறது ஒரு தரப்பு. தொல்காப்பியம் அவர்கள் பக்கம் நிற்கிறது. ஒருவருடைய பெயரை அவர் அழைக்கப்படுகிற ஒலியிலேயே எழுதுவதுதான் மரியாதை, ஸ, ஷ, ஜ, ஹ நம் வீட்டுக்குள் வந்து நூற்றாண்டுகள் ஆகிவிட்டன என்கிறது மறுதரப்பு. அன்றாடம் நாம் படிக்கிற பத்திரிகைகள் அவர்கள் பக்கம். இந்த விவாதத்தில் மனம் கசந்து ஒதுங்கியவர்கள் இருதரப்பிலும் உண்டு. ஆங்கிலத்தில் ஒருவர் போனால் இன்னொருவர் வருவார். தமிழில் தொடர்ந்து எழுதுகிறவர்கள் கைக்கு அடங்கும் எண்ணிக்கை. தாவரவியலோ வானியலோ நன்றாகத் தமிழில் எழுதக்கூடிய ஒருவர் ஒரு 'ஸ்'ஸுக்காக விலகினால், அவர் எழுதியிருக்கக்கூடிய நூறு கட்டுரைகளை எழுத வேறு ஆள் இல்லை. ஆலமரத்தடியில் பேசும்போது இரு தரப்பும் இதை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும் என்று ஒரு வாசகனாக உரிமையோடு கேட்கிறேன்.

இந்தக் கட்டுரையையே பாருங்கள். இரண்டாம் பத்தியிலிருந்து 'க்தான்ஸ்க்' என்று எழுதிவருகிறேன். தமிழில் ஒரு சொல் மெய்யெழுத்தில் தொடங்காது. 'ஸ்' கிரந்தம். 'கதான்சுக்கு' என்று எழுதலாம் என்றால், அது நான்காம் வேற்றுமைபோல் ஒலித்து, எந்த ஊருக்கு என்று கேட்க வைக்கும். சரி, ஜெர்மானியர் பக்கம் போய் 'டான்சிக்' என்று எழுதினால் தீருமா? ட என்ற எழுத்தும் தமிழில் சொல்லுக்கு முதலில் வராது. முதலெழுத்தைத் 'தா' என்று மாற்ற வேண்டும்.

போலந்துக்காரர் வாயில் அந்த நகரத்தின் பெயர் எப்படி ஒலிக்கிறதோ அதற்குக் கிட்டத்தில் இருக்கட்டும் என்றுதான் மெய்யில் தொடங்கினேன். விதி தெரிந்தே செய்தேன். தவறு என்று நினைப்பவர்கள் காரணத்தோடு எழுதுங்கள். உங்கள் கடிதங்களோடு அடுத்த வாரத்தைத் தொடங்குகிறேன்.

(தொடரும்)